உம்மாவிடம் சொன்னவர்களும் சொல்லாதவர்களும்

அரபு நாடு ஒன்றின் பள்ளியில் குர்ஆன் வகுப்பு. அன்று மர்யம் அத்தியாயம். குழந்தை பிறக்கப்போவதாக வானவர் வந்து சொல்ல, எந்த ஆணும் தன்னைத் தீண்டியதில்லையே என்று மர்யம் திகைத்து நிற்கும் இடத்தை மாணவிகள் ஓதிக்கொண்டிருக்கிறார்கள். அடுத்து, பேரீச்ச மரத்தடியில் பிரசவ வலி தாங்காமல், இதற்கு முன்பே செத்துப்போயிருக்கக் கூடாதா என்று அவர் புலம்பும் இடம் வருகிறது. அதுவரை பாடத்தில் மனம் ஒட்டாமல் இருந்த 14 வயதுப் பிள்ளை ஒன்று நிமிர்ந்து உட்காருகிறது. வாழவே பிடிக்காமல் தவித்துக்கொண்டிருந்த பிள்ளை அது. ஆசிரியை ஒருவர்மேல் தனக்கு இருந்த ஈர்ப்பு என்னவென்றும் அதற்குப் புரியவில்லை. மர்யமும் தன்னைப் போல ஆண்களை விரும்பாதவராக இருந்திருப்பாரோ என்று அது யோசிக்கிறது. மார்க்க அறிஞர்கள் ஒப்புக்கொள்ளும் வாசிப்பு அல்ல இது. ஆனால் அந்தப் பிள்ளை உயிரோடு இருக்க அன்றைக்கு அந்தத் துணை தேவைப்பட்டது.

2023இல் வெளிவந்த 'ஹிஜாப் புட்ச் ப்ளூஸ்' என்ற தன்வரலாறு இப்படித்தான் தொடங்குகிறது. எழுதியவர் லம்யா எச். அது புனைபெயர். தெற்காசியக் குடும்பத்தில் பிறந்து, அரபு நாட்டில் வளர்ந்து, படிப்புக்காக அமெரிக்கா போய், நியூயார்க்கில் வாழ்கிறவர். ஹிஜாப் அணிகிறவர், தொழுகிறவர், நோன்பு வைக்கிறவர். பெண்களைக் காதலிக்கிறவர். தன் வாழ்வின் ஒவ்வொரு கட்டத்தையும் மூஸா, யூசுஃப், ஹாஜர், யூனுஸ், நூஹ் ஆகியோரின் வரலாறுகளோடு சேர்த்து வைத்துப் புரிந்துகொள்ள முயல்கிறார்.

தன்பாலீர்ப்பு கொண்டோர், இருபாலீர்ப்பு கொண்டோர், திருநங்கையர், திருநம்பியர், ஆண் பெண் என்ற இரண்டுக்குள் அடங்காதோர் ஆகியோரைச் சேர்த்துத் தமிழில் இப்போது பால்புதுமையினர் என்கிறோம். முஸ்லிம் குடும்பங்களில் பிறந்த பால்புதுமையினர் கடந்த 20 ஆண்டுகளாகத் தங்கள் கதையைத் தாங்களே சொல்லத் தொடங்கியிருக்கிறார்கள். தன்வரலாறாக, ஆவணப்படமாக, புகைப்படமாக, நாடகமாக. அவற்றைப் படிக்கவும் பார்க்கவும் உட்காருகிறவருக்கு முதலில் ஓர் ஆச்சரியம் காத்திருக்கிறது. சட்டமும் ஃபத்வாவும் அரசியலும் அவற்றில் உண்டு. ஆனால் பக்கங்களை நிறைப்பது அவை அல்ல. உம்மாவும் வாப்பாவும் உடன்பிறந்தோரும் பெருநாள் சாப்பாடும் கல்யாணப் பேச்சும்தான் நிறைந்திருக்கின்றன.

இவர்களை இரண்டு பக்கமிருந்தும் இழுக்கிறார்கள். இந்த எண்ணத்தை விட்டால்தான் நீ முஸ்லிம் என்கிறது வீடு. மதத்தை விட்டால்தான் உனக்கு விடுதலை என்கிறது வெளியில் கிடைத்த நட்பு. இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடு என்ற அந்தக் கேள்வியையே பலர் ஏற்க மறுக்கிறார்கள். தொழுகையும் வேண்டும், காதலும் வேண்டும், பெற்றவளும் வேண்டும் என்பதே அவர்களின் பதில்.

காரேஜில் விரித்த கம்பளம்

தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் 1967இல் பிறந்தவர் முஹ்சின் ஹென்ட்ரிக்ஸ். அவருடைய பாட்டனார் இமாமாக இருந்தவர். பேரனும் கராச்சியில் மார்க்கக் கல்வி படித்துவிட்டுத் திரும்பினார். வழக்கம்போல் நிக்காஹ் நடந்தது, பிள்ளைகள் பிறந்தார்கள். 1996இல் மணமுறிவு. அந்த ஆண்டில், தன் 29ஆம் வயதில், தான் தன்பாலீர்ப்பு கொண்டவன் என்று வெளிப்படையாகச் சொன்னார். தென்னாப்பிரிக்காவின் புதிய அரசியல் சட்டம் பாலீர்ப்பின் பெயரால் பாகுபாடு காட்டுவதைத் தடைசெய்ததும் 1996இல்தான். அரசியல் சட்டத்திலேயே அப்படித் தடைசெய்த முதல் நாடு தென்னாப்பிரிக்கா. நாட்டின் சட்டம் அவர் பக்கம் வந்துவிட்டது. பள்ளிவாசலும் உறவுகளும் வரவில்லை.

தன் வீட்டுக் காரேஜில் கம்பளம் விரித்து, தன்னைப் போன்றவர்களைத் தேநீருக்கு அழைத்துப் பேச வைத்தார். வீட்டில் சொல்ல முடியாதவர்களும், சொல்லி விரட்டப்பட்டவர்களும் வந்தார்கள். 2011இல் நண்பர் ஒருவர் பள்ளிவாசலில் தங்களைப் போன்றோரைச் சபிக்கும் ஜும்ஆ பிரசங்கம் ஒன்றைக் கேட்டுவிட்டு வந்து சொன்னபோது, நமக்கென்று ஒரு தொழுமிடம் வேண்டும் என்று முடிவு செய்தார். வைன்பெர்க் பகுதியில் 'மஸ்ஜிதுல் குரபா' அப்படித்தான் உருவானது.

அதற்கு முன்பே, ஹென்ட்ரிக்ஸும் இடம்பெற்ற, பர்வேஸ் ஷர்மா இயக்கிய 'எ ஜிஹாத் ஃபார் லவ்' ஆவணப்படம் 2007இல் டொரன்டோ திரைப்பட விழாவில் முதன்முதலாகத் திரையிடப்பட்டது. 12 நாடுகளில், 9 மொழிகளில் எடுக்கப்பட்ட படம். 2001இல் கெய்ரோவில் நைல் நதிப் படகு விடுதி ஒன்றில் போலீசார் புகுந்து ஆண்களைக் கைது செய்தார்கள். 52 பேர் விசாரணைக்கு நிறுத்தப்பட்டார்கள். அவர்களில் ஒருவராக இருந்து, சிறைப்பட்டு, பிறகு பாரிஸுக்குத் தப்பிய எகிப்திய இளைஞரும் அந்தப் படத்தில் வருகிறார். படத்தில் சிலருடைய முகங்கள் மறைக்கப்பட்டிருக்கின்றன. வீட்டாருக்குத் தெரிந்துவிடும், ஊருக்குத் தெரிந்தால் உயிருக்கு ஆபத்து என்ற பயம்.

ஹென்ட்ரிக்ஸ் முகத்தை மறைக்கவில்லை. படத்தில் அவர் தன் பிள்ளைகளோடு பேசும் காட்சி ஒன்று வருகிறது. உங்கள் வாப்பாவைக் கல்லெறிந்து கொல்லத் தீர்ப்பானால் என்ன செய்வீர்கள் என்று பேச்சோடு பேச்சாகக் கேட்கிறார். முதல் கல்லிலேயே உயிர் போய்விட வேண்டும் என்று விரும்புவேன், அப்போதுதான் வலி இருக்காது என்கிறாள் மகள். அந்த வயதுக்குள் அவள் எவ்வளவு கேட்டிருக்கிறாள் என்பதும் வாப்பாமேல் எவ்வளவு பாசம் வைத்திருக்கிறாள் என்பதும் அந்த ஒரே பதிலில் இருக்கின்றன. மார்க்க விவாத மேடைகளில் இந்த மகளுக்கு இடமில்லை. கதையில்தான் அவள் வர முடிகிறது.

2025 பிப்ரவரி 15 அன்று, கெபெர்ஹா நகரின் பெத்தெல்ஸ்டார்ப் பகுதியில், அவர் இருந்த காரை வழிமறித்து முகம் மூடிய இருவர் சுட்டார்கள். ஹென்ட்ரிக்ஸ் இறந்துபோனார். அவருடைய கருத்துகளை ஆண்டுக்கணக்கில் எதிர்த்துவந்த தென்னாப்பிரிக்க உலமா அமைப்பான முஸ்லிம் ஜுடிஷியல் கவுன்சிலும் அந்தக் கொலையைக் கண்டித்தது. அச்சுறுத்தல்கள் வந்தபோதும் அவர் ஒளிந்து வாழ மறுத்திருந்தார். உண்மையாக வாழ வேண்டும் என்ற தேவை தனக்குச் சாவு பயத்தைவிடப் பெரியது என்று அவர் முன்பே பேசியிருந்தார்.

பெற்றோர் மாறும் காலம்

எல்லாக் கதைகளும் இப்படி ரத்தத்தில் முடிவதில்லை. மெதுவாக, வருடக்கணக்கில் இளகும் வீடுகளும் உண்டு.

மோசின் ஜைதி கிழக்கு லண்டனின் வால்தம்ஸ்டோவில் வளர்ந்தவர். பாகிஸ்தானிலிருந்து குடியேறிய ஷியா குடும்பம். அவர் படித்த அரசுப் பள்ளியிலிருந்து ஆக்ஸ்ஃபோர்டுக்குப் போன முதல் மாணவர் அவர்தான். பிறகு வழக்கறிஞர் ஆனார். குடும்பம் எதற்கெல்லாம் கனவு கண்டதோ அதையெல்லாம் நிறைவேற்றிய பிள்ளை. ஒன்றைத் தவிர. தான் தன்பாலீர்ப்பு கொண்டவன் என்று பெற்றோருக்குத் தெரிந்த பிறகு ஒருநாள் வீட்டுக்கு வந்தால், அவரைக் 'குணமாக்க' மந்திரிப்பவர் ஒருவர் காத்திருக்கிறார். அழைத்து வந்தவர் தந்தை. 2020இல் வெளிவந்த 'எ டியூட்டிஃபுல் பாய்' நூலில் ஜைதி இதைச் சொல்லும் விதம் கவனிக்க வேண்டியது. தந்தையை வில்லனாக்குவதில்லை. மகனுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று நிஜமாகவே நம்பி, தனக்குத் தெரிந்த ஒரே வைத்தியத்தைத் தேடி ஓடிய மனிதராகவே காட்டுகிறார். உறவினர் என்ன சொல்வார்கள் என்ற அச்சமும், மறுமையில் பிள்ளை என்ன ஆவான் என்ற அச்சமும் அந்த வீட்டில் ஒன்றாகக் குடியிருந்தன. வெகு காலம் எடுத்தது. ஆனாலும் பெற்றோர் மகனிடம் திரும்பி வந்தார்கள். அந்த நூல் 2021இல் லாம்ப்டா இலக்கிய விருதையும் போலாரி முதல் நூல் பரிசையும் பெற்றது.

சம்ரா ஹபீப்பின் கதையில் ஒளிந்து வாழ்வது பிறப்போடு வந்தது. லாகூரில் அகமதியா குடும்பம். பாகிஸ்தான் 1974இல் அரசியல் சட்டத் திருத்தத்தின் வழியாக அகமதியரை முஸ்லிம் அல்லாதோர் என்று அறிவித்தது. 1984இன் அவசரச் சட்டம் அவர்கள் தங்களை முஸ்லிம்கள் என்று சொல்லிக்கொள்வதையே குற்றமாக்கியது. வெளியில் யார் என்று காட்டிக்கொள்ளக் கூடாது என்பதைச் சிறுவயதிலேயே கற்ற பிள்ளை, குடும்பத்தோடு கனடாவுக்கு அகதியாகப் போனது. அங்கே 16 வயதில் உறவினருடன் பெற்றோர் ஏற்பாடு செய்த திருமணம். அது நிலைக்கவில்லை. தான் யார் என்ற தெளிவு வர இன்னும் பல ஆண்டுகள் ஆயின.

அந்தத் தேடலில் டொரன்டோவின் 'யூனிட்டி மசூதி' அவருக்குக் கிடைத்தது. தான்சானியாவில் பிறந்த அகதிகள் வழக்கறிஞர் எல்-ஃபாரூக் காக்கி, ட்ராய் ஜாக்சன், லாரி சில்வர்ஸ் மூவரும் 2009இல் தொடங்கிய ஜும்ஆ கூட்டம் அது. ஆணும் பெண்ணும் ஒரே வரிசையில் தொழலாம். யாரும் இமாமாக முன்னிற்கலாம். வீட்டில் கற்ற தொழுகையை வீட்டுக்கு வெளியே மறுபடியும் கண்டெடுத்த இடம் என்று அதைச் சொல்லலாம். 2014 முதல் சம்ரா கேமராவோடு கிளம்பி, தன்னைப் போன்ற முஸ்லிம்களைப் படமெடுத்து அவர்களின் அனுபவங்களைப் பதிவு செய்தார். 'ஜஸ்ட் மீ அண்ட் அல்லாஹ்' என்பது அந்தத் தொடரின் பெயர்.

2019இல் வந்த 'வீ ஹேவ் ஆல்வேஸ் பீன் ஹியர்' என்ற அவருடைய தன்வரலாறு அடுத்த ஆண்டு கனடாவின் 'கனடா ரீட்ஸ்' போட்டியில் வென்றது. அந்த நூலில் முழுமையாக வளர்ந்து நிற்கும் இன்னொரு மனிதர் அவருடைய தாய். தன் விருப்பத்தை யாரும் கேட்காத ஒரு வாழ்க்கையை வாழ்ந்த பெண், தன் பிள்ளை வேறு வாழ்க்கையைத் தேர்ந்தெடுப்பதைப் பார்க்கிறார். மகளைக் கல்யாணத்துக்குள் தள்ளியவரும் அவர்தான், பின்னாளில் அணைத்துக்கொள்ளக் கற்றவரும் அவர்தான். இரண்டையும் ஒரே அன்போடு எழுதியிருப்பது இந்த நூலின் பலம்.

தாயும் மகளும் என்ற இந்த உறவைத் திரைக்குக் கொண்டுவந்தவர் ஃபவ்ஸியா மிர்ஸா. அவர் எழுதி நடித்த 'சிக்னேச்சர் மூவ்' படம் 2017இல் வந்தது. சிகாகோவில் வசிக்கும் பாகிஸ்தானிய வழக்கறிஞர் ஒரு பெண்ணைக் காதலிக்கிறார்; அவருடைய தாய் நாள் முழுக்கத் தொலைக்காட்சித் தொடர் பார்த்தபடி மகளுக்கு மாப்பிள்ளை தேடுகிறார். அந்தத் தாயாக நடித்தவர் ஷபானா ஆஸ்மி. தீபா மேத்தாவின் 'ஃபயர்' படத்தில் இரு பெண்களின் காதலை நடித்து, 1998இல் இந்தியத் திரையரங்குகள் தாக்கப்பட்டதைக் கண்டவர், ஏறக்குறைய 20 ஆண்டுகளுக்குப் பிறகு அதே விஷயத்தைத் தாயின் இடத்திலிருந்து நடித்தார்.

சொல்லாமல் இருப்பதும் ஒரு முடிவுதான்

வீட்டில் சொல்லிவிட வேண்டும், சொன்னால்தான் தைரியம், சொல்லாதவர் பொய்யில் வாழ்கிறவர் என்று ஒரு எண்ணம் மேலைநாட்டுப் படங்களின் வழியாக எங்கும் பரவியிருக்கிறது. லம்யா இதை நேருக்கு நேர் மறுக்கிறார். தன் பெற்றோரிடம் அவர் சொல்லவில்லை. அது கோழைத்தனத்தால் எடுத்த முடிவும் இல்லை. தன்னைத் தாங்கிக்கொள்ளக் கூடியவர்களை மட்டும் தன் வாழ்க்கைக்குள் அழைத்துக்கொள்வது என்று அவர் தீர்மானிக்கிறார். நோன்பு திறக்கும்போது கூட இருப்பதற்கு, பெருநாளைக் கொண்டாடுவதற்கு, உடம்பு சரியில்லாதபோது பார்த்துக்கொள்வதற்கு ஒரு சுற்றத்தைத் தானே கட்டியெழுப்புகிறார். பெற்றோரோடும் உறவு தொடர்கிறது. கல்யாணம் எப்போது என்ற கேள்வியும் தொடர்கிறது.

இந்தியத் துணைக்கண்டத்தில் இந்த நிலை நமக்கு அந்நியமானதல்ல. மகன் ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை என்று தெரிந்தும் கேட்காத வாப்பா, மகளோடு தங்கியிருக்கும் தோழிக்கும் சேர்த்து உலை வைக்கும் உம்மா, எல்லாம் அறிந்து எதுவும் பேசாத அண்ணன் என்று எத்தனையோ வீடுகள் இருக்கின்றன. அந்த மௌனத்தில் ஏற்பும் இருக்கலாம், மறுப்பும் இருக்கலாம், இரண்டும் கலந்தும் இருக்கலாம். ஒரு வாழ்க்கையின் உண்மையை அது உரத்துச் சொல்லப்பட்டதா இல்லையா என்பதை மட்டும் வைத்து அளந்தால் இந்த வீடுகளில் நடப்பது எதுவும் பிடிபடாது.

லக்னோவின் சலீம் கித்வாய் இன்னொரு வகை. 1951இல் பிறந்தவர். டெல்லி ராம்ஜாஸ் கல்லூரியில் வரலாறு கற்பித்தார். கனடாவில் படிக்கும்போது, 1977இல் மாண்ட்ரியல் மதுக்கூடம் ஒன்றில் போலீஸ் நடத்திய சோதனையில் கைதானவர்களில் அவரும் ஒருவர். அப்படி அவமானப்படுத்தப்பட்டவர் திரும்பி வந்து, ரூத் வனிதாவோடு சேர்ந்து 2000இல் வெளியிட்ட 'சேம் செக்ஸ் லவ் இன் இந்தியா' தொகுப்பு, சம்ஸ்கிருதம் தொடங்கி பாரசீகம், உருது வரை இம்மண்ணின் இலக்கியங்களில் தன்பால் அன்பு எப்படியெல்லாம் பேசப்பட்டிருக்கிறது என்று காட்டியது. இது வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்த பழக்கம் என்ற வாதத்துக்கு அந்நூல் பெரிய மறுப்பு. வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்தது அதைக் குற்றமாக்கிய 377ஆம் பிரிவைத்தான். தன் பாலீர்ப்பை ஒளிக்காத கித்வாய், வாழ்வின் பிற்பகுதியில் லக்னோவுக்கே திரும்பிக் குடும்பத்தாரின் நடுவில் வாழ்ந்து 2021இல் காலமானார். உருதுவும் கஸலும் சொந்தபந்தமும் இருந்த ஊரை அவர் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை.

அந்தப் பழைய மரபின் தடம் நூல்களில் மட்டும் இல்லை. லாகூரில் பதினாறாம் நூற்றாண்டின் சூஃபி கவிஞர் ஷா ஹுசைனின் தர்கா இருக்கிறது. அவர் பக்கத்தில் அடங்கியிருப்பவர் மாதோ லால் என்ற இந்து இளைஞர். இருவர் பெயரையும் சேர்த்து மாதோ லால் ஹுசைன் என்றே மக்கள் அவரை அழைக்கிறார்கள். அவர்களுக்கிடையில் இருந்ததைக் காதல் என்று வாசிப்போரும் உண்டு, குரு சீட உறவு என்போரும் உண்டு. எப்படியானாலும் ஆண்டுதோறும் அங்கே விளக்கேற்றும் திருவிழாவுக்குக் கூட்டம் குறைவதில்லை.

லூத் நபியின் வரலாறு

மார்க்கம் என்ன சொல்கிறது என்பதைத் தாண்டிவிட்டு முஸ்லிம் குடும்பத்தோடு பேச முடியாது. லூத் நபியின் சமூகம் அழிக்கப்பட்ட வரலாறு குர்ஆனின் பல அத்தியாயங்களில் வருகிறது. அதன் அடிப்படையில் சுன்னி, ஷியா சட்ட மரபுகள் தன்பால் உறவை ஹராம் என்றே கொண்டிருக்கின்றன. பெரும்பான்மை உலமாக்களின் நிலை இன்றும் அதுதான். ஸ்காட் சிராஜுல் ஹக் கூகிள் என்ற முஸ்லிம் அறிஞர் 2010இல் எழுதிய நூல் வேறொரு வாசிப்பை முன்வைத்தது: விருந்தினரைப் பலவந்தப்படுத்த முனைந்ததும், நபியை மறுத்ததும், கொள்ளையும் கொடுமையுமே அந்தச் சமூகத்தின் குற்றம், இருவர் மனமொத்து வாழ்வதைப் பற்றியதல்ல அந்த வரலாறு என்கிறார் அவர். பெரும்பாலான அறிஞர்கள் இதை ஏற்கவில்லை. ஆனால் தொழுகையை விடாமலே தன்னை வெறுக்காமல் இருக்க வழி தேடிய பலருக்கு அந்த நூல் கைகொடுத்தது.

அதே கூகிள் 2014இல் செய்தது வேறு. விளக்கவுரையை ஒதுக்கி வைத்துவிட்டு, அமெரிக்கா, கனடா, பிரிட்டன், நெதர்லாந்து, தென்னாப்பிரிக்கா ஆகிய நாடுகளின் பால்புதுமை முஸ்லிம்களோடு உட்கார்ந்து அவர்கள் வாழ்க்கையைக் கேட்டு எழுதினார். வசனங்களை வைத்து எவ்வளவு வாதாடினாலும் அசையாத ஒரு தந்தை, மகன் அழுவதைக் கேட்டு அசையக்கூடும். அமெரிக்க முஸ்லிம்களிடம் பியூ ஆய்வு மையம் நடத்திய கணக்கெடுப்புகளில், தன்பாலீர்ப்பைச் சமூகம் ஏற்க வேண்டும் என்றவர்கள் 2007இல் 27 சதவீதம். 2017இல் 52 சதவீதம். அந்தப் பத்தாண்டுகளில் குர்ஆன் மாறவில்லை. அவர்களுக்குத் தெரிந்த பால்புதுமையினரின் எண்ணிக்கை கூடியிருக்கலாம்.

கேரளத்திலிருந்து சென்னை வரை

2022 மே மாதம் கேரளத்தில் ஆதிலா நஸ்ரின், ஃபாத்திமா நூரா என்ற இரு இளம்பெண்களின் பெயர் செய்தியானது. சவூதி அரேபியாவில் பள்ளியில் படிக்கும்போது காதலித்தவர்கள். குடும்பங்கள் எதிர்த்தன. சேர்ந்து வாழக் கிளம்பியவர்களில் நூராவை அவருடைய குடும்பத்தார் கொண்டுபோய்விட, ஆதிலா ஆட்கொணர்வு மனு போட்டார். மே 31 அன்று கேரள உயர் நீதிமன்றம் இருவரும் சேர்ந்து வாழத் தடையில்லை என்றது. சில மாதங்களில் இருவரும் மணப்பெண் அலங்காரத்தில் எடுத்துக்கொண்ட படங்கள் நாடெங்கும் பரவின.

நீதிமன்றம் ஒருவரை வீட்டிலிருந்து வெளியே வர உதவும். வீட்டுக்குள் இடம்பிடித்துத் தர அதனால் முடியாது. 2018 செப்டம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம் 377ஆம் பிரிவின் பிடியிலிருந்து மனமொத்த வயது வந்தோரை விடுவித்த பிறகும் ஆட்கொணர்வு மனுக்கள் நின்றபாடில்லை. 2021இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் இரு பெண்கள் பாதுகாப்புக் கேட்டுத் தொடுத்த வழக்கு வந்தபோது, நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் தனக்கே இந்த விஷயத்தில் தெளிவு போதாது என்று சொல்லி உளவியல் நிபுணர் ஒருவரிடம் உட்கார்ந்து கேட்டுக்கொண்ட பிறகே தீர்ப்பு எழுதினார். பாலீர்ப்பை 'மாற்றுவதாக'ச் சொல்லி நடத்தப்படும் சிகிச்சைகளைத் தடைசெய்யவும் உத்தரவிட்டார். ஜைதியின் வீட்டுக்கு வந்த மந்திரிப்பவருக்கு வெள்ளைக் கோட்டு அணிந்த சகோதரர்கள் நம் ஊரிலும் இருக்கிறார்கள் என்பதால் அந்த உத்தரவு முக்கியமானது.

2025 மே மாதம் அதே நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு, ஒரு பெண் தன் துணையை மீட்கத் தொடுத்த ஆட்கொணர்வு வழக்கில், திருமணத்தால் மட்டுமே குடும்பம் உருவாவதில்லை, தேர்ந்தெடுத்துக்கொண்ட சுற்றமும் குடும்பமே என்றது. மகளை விடமாட்டேன் என்ற தாயைப் பற்றிப் பேசும்போது, தன் மகன் விக்ரம் சேத்தின் பாலீர்ப்பை வெளிப்படையாக ஏற்றுப் பேசிய நீதிபதி லைலா சேத்தை நினைவுகூர்ந்து, எல்லாப் பெற்றோரும் லைலா சேத் அல்லர் என்று குறிப்பிட்டது. வேதனையோடு சொன்ன உண்மை அது. லைலா சேத்தும் ஒரே நாளில் அப்படி ஆனவர் அல்லர். மகனின் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள அவருக்கும் காலம் பிடித்தது.

தமிழ் முஸ்லிம் வீட்டுக்குள் என்ன நடக்கிறது என்று தமிழ் வாசகர்கள் பெரிதும் அறிந்துகொண்டது கதைகளின் வழியாகத்தான். திருச்சி மாவட்டம் துவரங்குறிச்சியில், பருவமெய்தியதும் படிப்பு நிறுத்தப்பட்டு வீட்டுக்குள் வைக்கப்பட்ட பெண்ணொருவர் ரகசியமாகக் கவிதை எழுதி, சல்மா என்ற புனைபெயரில் வெளியே அனுப்பினார். 2004இல் வந்த அவருடைய 'இரண்டாம் ஜாமங்களின் கதை' நாவல், அதுவரை யாரும் பேசாத பெண்களின் ஆசையையும் அவமானத்தையும் சொன்னது. அந்தப் புனைபெயர் இல்லையென்றால் அவர் எழுத்து வீட்டை விட்டு வெளியே வந்திருக்காது. லம்யாவும் அதே காரணத்துக்காகவே இன்னும் பெயரை மறைத்து எழுதுகிறார். காயல்பட்டினத்திலிருந்தோ கீழக்கரையிலிருந்தோ காத்தான்குடியிலிருந்தோ ஒருவர் தன்னையும் தன் உம்மாவையும் பற்றி இப்படி எழுதி அனுப்பினால், தமிழ்ப் பத்திரிகைகள் அவருடைய நிஜப் பெயரையும் புகைப்படத்தையும் கேட்காமல் அதை அச்சிட வேண்டும். ஊரை அடையாளம் காட்டும் வரிகளை அவரோடு கலந்து நீக்கித் தர வேண்டும். பாராட்டிக் கடிதம் வந்தாலும் திட்டிக் கடிதம் வந்தாலும் அவர் யாரென்று வெளியிடக் கூடாது.